பாலம் விழுந்தது, காக்கை அசையவில்லை

என் அத்தைக்கு ஒரு நாற்காலியில் ஐந்து நிமிடம் சேர்ந்தாற்போல உட்காரத் தெரியாது. துப்பறியும் அலுவலகம் என்று பலகை மாட்டி மூன்று வருடமாகிறது. அவளுடைய நாற்காலியின் பிளாஸ்டிக் உறையை இன்னும் பிரிக்கக்கூட இல்லை. அதற்கு முன் இருபத்தெட்டு வருடம் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். அங்கேயும் நின்றபடியே காலம் தள்ளியவள்தான். நான் அவளுடைய அண்ணன் மகள். உதவியாளர், ஸ்கூட்டர் ஓட்டி, திட்டு வாங்கும் பிரிவுக்கு முழுப் பொறுப்பாளர், எல்லாம் நானே.

அன்று காலை பதினொன்றரைக்கு வந்த பெண்ணும் உட்காரவில்லை. ஆக அந்த அறையில் உட்கார்ந்திருந்தது நான் ஒருத்திதான். வந்தவள் தையல் கடைக்காரி என்பது கழுத்தில் தொங்கிய அளவு நாடாவிலேயே தெரிந்தது. அதைக் கழற்ற மறந்து ஓடி வந்திருந்தாள்.

விஷயம் இதுதான். அவளுடைய தம்பி லாரி ஓட்டுகிறவன். போன மாதம் இருபத்தெட்டாம் தேதி விடியற்காலை, மூடுபனியில் வாய்க்கால் பாலத்தைக் கடக்கும்போது பாலம் நடுவில் முறிந்து லாரியோடு விழுந்தது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த கிளீனர் அங்கேயே இறந்துபோனார். தம்பிக்குத் தோள்பட்டை எலும்பு முறிவு. பாலத்தைக் கட்டிய கான்ட்ராக்டரோ, பழுது பார்ப்பதற்காகப் பாலத்தை மூடித் தடுப்பு வைத்திருந்தோம், இவன் அதை உடைத்துக்கொண்டு பாரத்தோடு உள்ளே போனான் என்றார். தடுப்பே இல்லை என்று தம்பி தலையில் அடித்துச் சத்தியம் செய்கிறான். ஆனால் பத்து நாளைக்கு முன் கான்ட்ராக்டர் ஒரு வீடியோவைப் போலீசில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டார். எதிர்க்கரையில் இருக்கும் அவருடைய சாமான் கொட்டகையின் கேமராவில் பதிவானதாம். இன்று மூன்று மணிக்கு ஜாமீன் விசாரணை. வீடியோவைப் பார்த்த வக்கீலே பாதி நம்பிக்கையைக் கழற்றி வைத்துவிட்டார்.

"எங்கம்மா போனப்ப அவனுக்கு ஏழு வயசு. நான்தான் வளர்த்தேன். அவன் பொய் சொன்னா எனக்குக் காது அரிக்கும். இது வரைக்கும் அரிக்கல" என்றாள். சொல்லும்போது அளவு நாடாவை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்துக்கொண்டிருந்தாள்.

எங்களைப் பற்றி யார் சொன்னார்கள் என்று அத்தை கேட்டாள். வீட்டுக்காரர் எழுதிக் கொடுத்தாராம். பத்து நாளாக மனுஷன் சரியாகச் சாப்பிடுவதில்லை, வேலைக்கும் போவதில்லை, வாயைத் திறப்பதில்லை. இன்று காலை இதை மட்டும் கையில் திணித்திருக்கிறார். ஒரு அட்டைத் துண்டை மேஜையில் வைத்தாள். நான்கு ஓரமும் அளந்து வெட்டியதுபோல அவ்வளவு சுத்தம். எங்கள் விலாசம் அதில் கடுகு கடுகாக எழுதியிருந்தது.

"எறும்புக்கு எழுதின லெட்டர் மாதிரி இருக்கே" என்றேன். அத்தை சிரிக்கவில்லை. அட்டையைத் தேவைக்கு மேல் ஒரு நிமிடம் பார்த்துவிட்டுக் கைப்பையில் போட்டுக்கொண்டாள். வந்தவளின் வீட்டு விலாசத்தை நோட்டில் எழுதச் சொன்னாள். பிறகு வீடியோவைக் கேட்டாள்.

மொத்தம் நாற்பது விநாடி. சாம்பல் நிறப் பனி, அதற்குள் பாலம், இரண்டு பக்கமும் விளக்குக் கம்பங்கள். பாலத்தின் வாயில் ஒரு மரத்தடுப்பு. நிறம்கூடத் தெரியாத ஒரு லாரி பனிக்குள்ளிருந்து வருகிறது, தடுப்பை முறிக்கிறது, நடுப்பாலத்துக்குப் போகிறது. பாலம் வளைகிறது. தூசி கிளம்புகிறது. எல்லாம் மெதுவாக, கனமாக விழுகிறது. அந்தப் பெண் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றாள்.

அத்தை நான்கு தடவை நின்றபடி பார்த்தாள், ஐந்தாவது தடவை நடந்தபடி. "இதுல தண்ணி எங்கடி?"

கேமரா இருக்கும் கோணம் அப்படி என்றேன். வாய்க்கால் கரையிலேயே மாட்டின கேமரா வாய்க்காலை மட்டும் பார்க்காதா என்று திருப்பிக் கேட்டாள். பாலத்தின் விளிம்புக்குக் கீழே படம் வெட்டினாற்போல நின்றுவிடுகிறது, உண்மைதான். ஒரு லாரி தண்ணீரில் விழுகிறது, ஒரு சொட்டுகூட மேலே தெறிக்கவில்லை.

"சரி, கரையில இருக்கற கம்பத்து மேல என்ன?"

ஒரு கறுப்புப் புள்ளி. கண்ணைச் சுருக்கிப் பார்த்தேன். "காக்கா."

"என்ன பண்ணுது?"

மறுபடி ஓட்டினேன். தடுப்பு முறிந்தது. பாலம் இடிந்தது. கம்பமே கிடுகிடுவென ஆடியது. காக்கை உட்கார்ந்திருந்தது. தூசி அதன் மேல் வந்து மூடியது. தூசி விலகியது. காக்கை அப்படியே உட்கார்ந்திருந்தது.

"செவிட்டுக் காக்காவா இருக்குமோ" என்றேன், வழக்கம்போல.

"நீ வீட்டுக் கதவைச் சாத்தினாலே பக்கத்துத் தெருக் காக்கா பறக்குது. இது பொம்மைடி. காக்கா பொம்மைன்னா கம்பம் பொம்மை. கம்பம் பொம்மைன்னா?"

கணக்கு டீச்சர் அல்லவா, விடையை என்னைத்தான் சொல்ல வைப்பாள். பாலமும் பொம்மை, லாரியும் பொம்மை. அந்தப் பெண் சுவரை விட்டுத் திரும்பினாள். அவளுடைய முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. அவளைக் கோர்ட்டுக்குப் போகச் சொன்னோம். மூன்று மணி வரை வக்கீலை எழுந்து போகவிடாதீர்கள் என்று மட்டும் அத்தை சொல்லி அனுப்பினாள்.

சினிமாவுக்குச் சின்ன ஊர் கட்டுகிற பட்டறை எங்கள் ஊரில் ஒன்றே ஒன்றுதான். போய்ச் சேரும்போது மணி பன்னிரண்டேமுக்கால். வெளியிலிருந்து பார்த்தால் தகரக் கொட்டகை. உள்ளே நுழைந்தால் இடுப்பளவு மேஜைகளின் மேல் ஒரு நகரம். மாடி வீடுகள், தண்டவாளம், கொடியில் காயும் தீப்பெட்டி அளவுச் சட்டைகள். முன்பக்கம் அவ்வளவு அழகு. பின்னால் போய்ப் பார்த்தால் வெறும் பலகை, பசைக் கறை, பென்சில் கோடு. கேமரா பார்க்கும் பக்கத்துக்கு மட்டும்தான் வண்ணம்.

பட்டறை மாஸ்டர் ஒரு கையில் சல்லடையோடு வந்தார். தூசியைக்கூட இங்கே சலித்துத்தான் போடுவார்களாம். பெரிய மண் விழுந்தால் பாறாங்கல்லாகத் தெரியும் என்றார். தன் அண்ணன் ஒரு படம் எடுக்கப் போகிறார், அதற்காகப் பார்க்க வந்தோம் என்று அத்தை கூசாமல் அளந்தாள். அவளுடைய அண்ணன், அதாவது என் அப்பா, வாழ்க்கையில் எடுத்த ஒரே படம் பாஸ்போர்ட்டுக்கு.

மாஸ்டருக்குப் பேசப் பிடிக்கும். சின்னப் பொருள் சட்டென்று விழுந்துவிடும், அதனால் கேமராவை வேகமாக ஓட்டிப் படம் பிடித்து மெதுவாகக் காட்டினால்தான் கனம் வரும் என்றார். புகை போட்டால் இரண்டடி தூரம் இருநூறடியாகிவிடும் என்றார். அத்தை நடந்துகொண்டே கேட்டாள்: எதைத்தான் உங்களால் சின்னதாக்க முடியாது?

"தண்ணியும் நெருப்பும்" என்றார் மாஸ்டர். "ரெண்டும் யார் பேச்சையும் கேக்காது. வீட்டைச் சின்னதாக்கலாம், தண்ணித் துளியைச் சின்னதாக்க முடியாதும்மா. ஒரு துளி தெறிச்சா போதும், பொம்மைன்னு காட்டிக் கொடுத்துடும்."

"அப்ப ஆத்துப் பாலம் விழுற மாதிரி எடுக்கணும்னா, ஆத்தையே காட்டாம எடுக்கறது புத்திசாலித்தனம்."

மாஸ்டரின் சல்லடை நின்றது. இந்த வருடம் பாலமே செய்யவில்லை என்றார். நாங்கள் கேட்கவே இல்லை.

சுவரோரம் மருந்துக்கடையில் இருப்பதுபோல ஒரு அலமாரி, நூறு சின்ன இழுப்பறைகள். ஒவ்வொன்றிலும் ஒரு பெயர்: செருப்பு, சைக்கிள், குடம், நாய். எல்லாம் கடுகு கடுகாக எழுதியிருந்தது. நான் பார்த்தேன். அத்தை என்னைப் பார்த்தாள். கீழ் வரிசையில் "காக்கை".

யார் இவ்வளவு பொடியாக எழுதுவது என்று அத்தை கேட்டாள். அங்குலம் என்று ஒரு ஆள், ஊரே கட்டுகிற கை, ஆனால் பத்து நாளாக லீவு என்றார் மாஸ்டர். அவனுக்கு ஒரு பைத்தியம், எந்த ஊரைக் கட்டினாலும் ஒரு காக்கை வைப்பான், காக்கை இல்லாத ஊரை யார் நம்புவார்கள் என்பான், படம் எடுத்து முடிந்ததும் காலில் சீட்டுக் கட்டித் திரும்ப உள்ளே வைப்பான் என்று சொல்லிச் சிரித்தார். காக்கையை யார் பார்க்கிறார்கள் என்று தன் பங்குக்கு ஒன்று சேர்த்துக்கொண்டார்.

அத்தை கைப்பையை இடத்தோளிலிருந்து வலத்தோளுக்கு மாற்றினாள். எங்கள் தொழிலில் அதற்கு அர்த்தம், அந்த ஆளைத் திருப்பு. நான் சுற்றுமுற்றும் பார்த்தேன். பக்கத்தில் வசதியாக ஒரு மலை இருந்தது. கால் வலிக்கிறது என்று முனகிக்கொண்டே அதன் உச்சியில் உட்கார்ந்தேன்.

மலை தெர்மோகோல். நான் அப்படியல்ல. மூன்று வார வேலை என்று மாஸ்டர் தலையில் கைவைத்துக் கொண்டு ஓடி வந்தார். நான் பள்ளத்தாக்கிலிருந்து எழ முயன்றதில் ஒரு ரயில் நிலையமும் போனது. அவர் என்னைத் திட்டி முடித்து மூச்சு வாங்கியபோது அத்தை வாசலில் நின்று ஸ்கூட்டர் ஹாரனை அடித்துக்கொண்டிருந்தாள்.

"காக்காயைச் சுட்டுட்டியா?" என்றேன் வண்டியைக் கிளப்பியபடி. வண்டி போகட்டும் என்று முதுகில் குத்தினாள். அங்குலத்தின் விலாசத்தைக் கேட்காமல் வந்துவிட்டோமே, இனி எங்கே தேடுவது என்று நான் புலம்பினேன். அவள் பதிலுக்கு இடது, வலது, நேரே என்று மட்டும் சொன்னாள். ரயில்வே கேட் மூடியிருந்தது. சரக்கு ரயில் ஒன்று பெட்டி பெட்டியாக ஊர்ந்தது. மணி ஒன்றே முக்கால். கைதிக் கூண்டில் தோளில் கட்டோடு நிற்கப்போகிற ஒருவனை நினைத்துக்கொண்டு ஆக்ஸிலரேட்டரை முறுக்கினேன். ரயில் என் அவசரத்தைக் கண்டுகொள்ளவில்லை. அத்தை பின்சீட்டில்கூட உட்காராமல் இறங்கி, கேட்டுக்கும் வண்டிக்குமாக நடந்தாள்.

கேட் திறந்து, மூன்று தெரு தாண்டி, ஒரு வீட்டு வாசலில் நிறுத்தச் சொன்னாள். முன்னறையில் தையல் மெஷின். பாதி தைத்த ரவிக்கை ஊசிக்கடியில் அப்படியே கிடந்தது.

"இது காலையில வந்த அக்கா வீடாச்சே."

அத்தை கைப்பையிலிருந்து அட்டைத் துண்டை எடுத்து என் மூக்குக்கு நேரே பிடித்தாள். "இருபத்தெட்டு வருஷம் பேப்பர் திருத்தியிருக்கேன். ஒரு எழுத்தை ஒரு தடவை பார்த்தா போதும்."

அங்குலம் என்ற பெயரைக் கேட்டு ஒரு குள்ளமான ஆளை எதிர்பார்த்திருந்தேன். வாசல் நிலையில் தலை இடிக்காமல் குனிந்து வந்தவர் ஆறடிக்கும் மேல். கை ஒவ்வொன்றும் முறம். குரல் மட்டும்தான் அங்குலம். காதைக் கிட்டே கொண்டுபோனால்தான் கேட்டது. அத்தை மேஜையில் காக்கையை வைத்தாள். கால் விரல் நகம் அளவு இருந்தது. அதன் காலில் நூல் போட்டு ஒரு சீட்டு.

அவர் அதைப் பார்த்ததும் சுவரில் சாய்ந்துகொண்டார். அந்தப் பாலத்தைச் செய்தது அவர்தான் என்று ஒப்புக்கொண்டார். காக்கைக்கு நூல் கட்டி வைத்திருந்தாராம். பாலம் விழும்போது இழுத்தால் காக்கை எகிறிப் போகும். இழுக்க வேண்டியவர் அவரே.

"ஏன் இழுக்கல?" என்றாள் அத்தை.

"பாலம் அழகா விழுந்துச்சுங்க. பார்த்துக்கிட்டே நின்னுட்டேன்."

எனக்குக் கோபம் தலைக்கேறியது. நகைச்சுவையெல்லாம் எங்கோ ஓடிப்போனது. சொந்த மச்சினனைக் கூண்டில் ஏற்றப் பொய் சாட்சி செய்து கொடுத்துவிட்டு அழகைப் பற்றிப் பேசுகிறீர்களா, அந்தக்கா காலையில் அளவு நாடாவைக்கூடக் கழற்றாமல் ஓடி வந்தாளே, அவளுக்கு என்ன பதில் என்று வாய்க்கு வந்ததைக் கொட்டினேன். அவருக்குக் கண்ணீர் தாடையில் இறங்கியது.

"வாயை மூடுடி. உன் கணக்கு தப்பு" என்றாள் அத்தை. மேஜையில் அவர் பொடி வேலைக்கு வைத்திருக்கும் பூதக்கண்ணாடியை என்னிடம் நீட்டினாள். "சீட்டைப் படி."

படித்தேன். பாலம் என்று எழுதியிருந்தது. கீழே படம் பிடித்த தேதி, போன மாதம் ஏழு.

ஏழு. பாலம் விழுந்தது இருபத்தெட்டு. நான் ஒருதரம் விரல் விட்டு எண்ணினேன், நம்பாமல் மறுதரம் எண்ணினேன். இருபத்தொரு நாள். நிஜப் பாலம் விழுவதற்கு இருபத்தொரு நாள் முன்பே அது விழுந்த வீடியோ தயாராக இருந்திருக்கிறது.

"படத்துக்குன்னு சொன்னாங்க" என்றார் அவர். "யார் லாரின்னு தெரியக் கூடாது, எந்த லாரி மாதிரியும் இருக்கணும்னு மாஸ்டர் சொன்னப்பகூட எனக்கு உறைக்கல. நிஜப் பாலம் விழுந்த அன்னிக்கே தோணுச்சு. நம்ம பாலம் மாதிரியே இருக்கேன்னு. படக்காரங்க அதைப் பார்த்துத்தான் செய்யச் சொல்லியிருப்பாங்கன்னு மனசைத் தேத்திக்கிட்டேன். பத்து நாள் முன்னாடி வீடியோ வந்துச்சு. கம்பத்துல என் காக்கா உக்காந்திருக்கு."

கான்ட்ராக்டருக்குத் தன் பாலம் விழப்போகிறது என்று தெரிந்திருக்கிறது. அந்தப் படுபாவி உண்மையிலேயே ஒரு தடுப்பு வைத்திருக்கலாம். இரண்டு மரம், நாலு ஆணி. அதற்குப் பதில் தீப்பெட்டி அளவில் ஒரு தடுப்பைச் செய்யச் சொல்லி, அதை உடைத்துப் படம் பிடித்து வைத்துக்கொண்டு, எந்த லாரி வந்து விழும் என்று காத்திருந்திருக்கிறான். கிளீனர் செத்துப்போனார்.

அப்போதுதான் அதைக் கவனித்தேன். அத்தை தையல் மெஷின் முக்காலியில் உட்கார்ந்திருந்தாள்.

அவள் மெதுவாகத்தான் கேட்டாள்: பத்து நாளாக ஏன் வாயைத் திறக்கவில்லை? செய்தது உன் கை, உள்ளே போகப்போவதும் நீதான் என்று மாஸ்டர் மிரட்டியிருக்கிறார். அதைவிடப் பெரிய பயம் ஒன்று இருந்தது. அந்தத் தம்பியை ஏழு வயதிலிருந்து தூக்கி வளர்த்தவள் இவருடைய மனைவி. அவளிடம் சொல்ல நாக்கு எழவில்லை. காக்கையை யாராவது பார்த்துவிட மாட்டார்களா, தானாகத் தெரிந்துவிடாதா என்றுதான் எங்கள் விலாசத்தை எழுதிக் கொடுத்திருக்கிறார்.

"நான் பார்த்துட்டேன்" என்றாள் அத்தை. "காக்கா சாட்சி சொல்லாதுப்பா. நீங்கதான் சொல்லணும்." எழுந்தாள். மணி இரண்டு பத்து.

அந்த உருவம் என் ஸ்கூட்டரில் ஏறினால் ஸ்கூட்டருக்கு ஜாமீன் எடுக்க வேண்டிவரும். அவர்கள் இருவரும் வாடகை வண்டியில் போக, நான் பின்னால் விரட்டினேன். கோர்ட்டுத் தாழ்வாரத்தில் அவருடைய மனைவி வக்கீலின் கோட்டு ஓரத்தைக் கிட்டத்தட்டப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள். புருஷனைப் பார்த்ததும் அவள் முகம் ஒரு கணம் மலர்ந்தது. அவர் உள்ளங்கையை விரித்துக் காக்கையைக் காட்டினார். பிறகு குனிந்து அவளுடைய காதில் சொன்னார். எனக்கு எதுவும் கேட்கவில்லை. அவள் முகத்தில்தான் அத்தனையும் தெரிந்தது.

அவள் அழவில்லை, கத்தவில்லை. கழுத்திலிருந்த அளவு நாடாவைக் கழற்றிச் சுருட்டி இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"பத்து நாளா பக்கத்துல படுத்திருந்தீங்க" என்றாள். "அவன் சாப்பிட்டானா, தூங்கினானான்னு தினமும் உங்ககிட்டதான் பொலம்பினேன்."

அவர் தலை குனிந்தார்.

"என்கிட்ட அப்புறம் பேசிக்கலாம். முதல்ல அவனுக்காகப் பேசுங்க." உள்ளே போ என்பதுபோல அவருடைய முழங்கையைப் பிடித்துத் தள்ளினாள். ஆறடி மனுஷன் நகர்ந்தார்.

மூன்றே காலுக்கு வழக்கு வந்தது. தம்பி தோளில் கட்டோடு கூண்டில் நின்றான். முதல் வரிசையில் கான்ட்ராக்டர் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார். ஒரு புதுச் சாட்சி இருக்கிறது என்று வக்கீல் எழுந்து அனுமதி கேட்டார். அங்குலம் மேடையில் ஏறி, காக்கையை நீதிபதியின் மேஜையில் வைத்து, ஏதோ சொன்னார். யாருக்கும் கேட்கவில்லை. முன்னால் உட்கார்ந்து தட்டச்சு செய்கிற பெண்கூடக் கையை எடுத்துவிட்டாள்.

"சத்தமா சொல்லுங்க" என்றார் நீதிபதி.

அவர் கூண்டைப் பார்த்தார். உள்ளே நின்றவன் "மாமா?" என்றான், ஒன்றும் புரியாமல். கதவோரம் நின்ற மனைவியையும் ஒருமுறை பார்த்தார். அந்தப் பெரிய நெஞ்சுக்குள் அவ்வளவு குரல் இருக்கும் என்று யாருக்குத் தெரியும்? தாழ்வாரத்தில் நின்றவர்கள்கூடத் திரும்பிப் பார்த்தார்கள்.

"அந்தப் பாலம் விழுறதுக்கு இருபத்தொரு நாள் முன்னாடியே, அது விழுறதை நான் செஞ்சு கொடுத்துட்டேங்கய்யா."

கான்ட்ராக்டர் காலை இறக்கினார். கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டே எழுந்து கதவுப் பக்கம் வந்தார். கதவுக்குக் குறுக்கே ஒரு பெஞ்சை இழுத்துப் போட்டு நான் அதில் வசதியாக உட்கார்ந்திருந்தேன்.

"மன்னிக்கணும் சார்" என்றேன். "வழி மூடியிருக்கு. இந்தத் தடுப்பு நிஜம்."